ஈரம் புகாத சுவர்

ஜூலை விடுமுறையின் முதல் நாளே ஏரிக்கரை வீட்டுச் சமையலறையின் சுவர்ப் பலகைகளைப் பிரித்துப் போட்டுவிட்டாள் ஐலா.

“ஈரத்தைத் தடுக்க பிளாஸ்டிக் தாளே போதுமே. அலுமினியத் தாள் எதுக்கு?” என்றான் அவள் கணவன் ரெய்யோ.

“குளிர்காலத்துல சூப் ஆவி சுவருக்குள்ள போய் உறைஞ்சா மரம் அழுகிடும். பேசாம பிடி.”

அவன் கைப்பேசி ஒலித்தது. மேலாளர். ரெய்யோ பேசிக்கொண்டே ஏரிப்பக்கம் போய்விட்டான். போன விடுமுறை முழுக்க இப்படித்தான் கழிந்தது. அப்போதெல்லாம் ஐலா தனியாகவே சாப்பிட்டாள்.

திரும்பி வந்தவனை வேலைக்கு விரட்டினாள். “இந்த இணைப்புல டேப் ஒட்டல, பாரு. கூரைக்கும் அடிக்கணும்.”

“நீ எப்போ இன்ஜினியர் ஆன?”

மாலைக்குள் அறை முழுவதும் வெள்ளியாக மின்னியது. மீன் சூப்பை இருவரும் சூடாகவே குடித்தார்கள்.

“அதிசயமா இருக்கு, ரொம்ப நேரமா ஆபீஸ்ல யாருமே கூப்பிடல. என்னை வேலைய விட்டுத் தூக்கிட்டாங்களோ?”

“இன்னொரு கரண்டி ஊத்திக்கோ” என்றாள் ஐலா.

விறகு எடுக்க அவன் வாசலைத் தாண்டியதுமே கைப்பேசி விடாமல் கீச்சிட்டது. எல்லாம் தவறிய அழைப்புகள். உள்ளே ஓர் அடி வைத்தான், சிக்னல் போய்விட்டது. வெளியே வந்தான், வந்துவிட்டது.

மின்னும் சுவரைப் பார்த்தான். ஐலாவைப் பார்த்தான். அவள் மும்முரமாகச் சூப்பைக் கிளறிக்கொண்டிருந்தாள்.

கைப்பேசி மறுபடி ஒலிக்கத் தொடங்கியது. ரெய்யோ சட்டென்று உள்ளே வந்து கதவைச் சாத்தினான்.

“ஐலா, கதவோரம் கொஞ்சம் விட்டுப்போச்சு. அந்த டேப்பை எடு.”