நூற்றெழுபதாவது முட்டை

தணலி ஒரு வீடியோ கேமில் வாழும் நெருப்புப் பறவை. அவளை வைத்து விளையாடும் நிரஞ்சனா, புது கேம் வாங்கும்போதெல்லாம் அவளையும் அதற்குள் மாற்றிவிடுவாள். மாற்றிய கையோடு முட்டையிடும் கூண்டில் அடைத்துவிடுவாள். குறையே இல்லாத குஞ்சு ஒன்று நிரஞ்சனாவுக்கு வேண்டும்.

ஒரு குஞ்சுக்கு வேகம் போதவில்லை. இன்னொன்றுக்குப் பயந்த சுபாவம். பொரிந்ததையெல்லாம் நிரஞ்சனா காட்டில் விட்டுவிட்டாள்.

“மூணு கேம் மாறியாச்சு. ஒரு சண்டைக்காவது என்னைக் கூட்டிட்டுப் போனாளா? இந்தப் பொண்ணுக்கு என்னதான் வேணுமாம்?” என்று பொருமினாள் தணலி.

“கத்தாதே, அடுத்தது சரியா வந்துடும்” என்றான் அவள் ஜோடி கல்லன்.

நூற்றெழுபதாவது முட்டையில் அப்படியே வந்தது. வேகம், வலிமை, துணிச்சல் எதிலும் குறையில்லாத பெண்குஞ்சு. நிரஞ்சனா துள்ளிக் குதித்து, தாயையும் மகளையும் வெளியே எடுத்தாள்.

“அம்மா, நாம எப்போ சண்டைக்குப் போவோம்?” என்றது குஞ்சு.

“இப்பவே கூட்டிட்டுப் போவா, பாரு!” என்று பூரித்தாள் தணலி.

நிரஞ்சனா குஞ்சைப் பக்கத்திலிருந்த இன்னொரு முட்டையிடும் கூண்டில் அடைத்தாள். இனி இதே மாதிரிக் குஞ்சு பொன்னிறத்தில் வேண்டுமாம்.

“அடிப் பாவி!” என்று பாய்ந்த தணலி, மகளின் கூண்டுத் தாழ்ப்பாளைக் கொத்த ஆரம்பித்தாள். அது கழன்று விழும்வரை அவள் நிறுத்தவில்லை.