ஜெயவேலுவின் சீன்

"கடைசி எபிசோடுல கொலைகாரன் நான்தான்."

லாசரஸ் மெதுவாகத்தான் சொன்னார். யூனிட் மொத்தமும் அப்படியே நின்றது.

விமான நிலையத்தை ஒட்டிய பொழிச்சலூரில் இருந்த அந்த ஷூட்டிங் வீட்டில் அப்படி நிற்பது அவர்களுக்குப் புதிதில்லை. விமானம் தாழ்வாகப் போகும்போதெல்லாம் சவுண்ட் கெட்டுவிடும். இரைச்சல் கரையும்வரை கேமராமேன், நடிகர்கள், டீ கொண்டுவந்தவர் எல்லோரும் நின்ற இடத்திலேயே நிற்பார்கள். சீனுக்காக மெஷின் விட்ட புகை மட்டும் ஜன்னல் வெயிலில் மெல்ல நகரும். யாரோ காணும் கனவுக்குள் வந்துவிட்ட மாதிரி இருக்கும்.

இப்போது விமானம் எதுவும் போகவில்லை.

"தாமஸ் வாத்தியார்தானே சார் கொலைகாரன்?" கூட எழுதுகிற எழில்தான் முதலில் வாயைத் திறந்தாள். "ஆரம்பத்துலேர்ந்து அப்படித்தானே எழுதிட்டு வர்றோம்?"

"மாத்திட்டேன்மா. போன்ல மிரட்டுற குரலுக்கு நான்தானே டப்பிங் பேசினேன்? அந்தக் குரல்காரன்தான் கொலைகாரன். வாத்தியார் நிரபராதி."

க்ரைம் தொடர்கள் எழுதி இயக்கியே தலை நரைத்தவர் லாசரஸ். ஒருநாளும் கேமரா முன்னால் வந்து நின்றதில்லை. கதை யோசிக்கும்போது சேலையூர் ஏரிப் பக்கம் பாதிக் கண் மூடியபடி நடப்பார். எதிரில் யார் வந்து வணக்கம் சொன்னாலும் தெரியாது. பள்ளிக்கூடச் சிறுமியைக் கடத்திக் கொன்றது யார் என்ற இந்தத் தொடரைப் பற்றித்தான் வீட்டுக்கு வீடு பேச்சு.

தாமஸ் வாத்தியாராக நடித்தவர் ஜெயவேலு. அதற்குமுன் லாசரஸின் தொடர்களில் பிணமாகப் படுத்திருக்கிறார், கான்ஸ்டபிளாக சல்யூட் அடித்திருக்கிறார். இந்தத் தொடரில்தான் முதன்முதலாக ஒரு பெரிய சீன் கிடைத்தது. கொலைகாரன் எல்லாவற்றையும் ஒப்புக்கொண்டு பேசும் நீண்ட வசனம். தூக்கத்தில்கூட அதைத்தான் பேசுகிறார் என்று அவர் மனைவி சொல்லிச் சிரித்தாளாம்.

ஜெயவேலு லாசரஸின் அருகில் வந்தார்.

"சார், இத்தனை வருஷம் பொணமா படுக்க வெச்சீங்க. படுத்தேன். இப்பத்தான் பேச வெச்சீங்க. அதையும் நீங்களே எடுத்துக்கிட்டா எப்படி சார்?"

"உனக்கு வேற சீன் இருக்குப்பா. போலீஸ் உன்னை விடுதலை பண்றாங்க. வெளியில வர்றே."

"வசனம்?"

"வசனம் இல்லை. சும்மா நடந்து வந்தா போதும்."

ஜெயவேலு மூலையில் போய் நின்றுகொண்டார்.

எழிலுக்குப் பொறுக்கவில்லை. லாசரஸை வராந்தாவுக்குக் கூப்பிட்டாள்.

"ஒரு சின்ன ஆர்ட்டிஸ்ட்டோட வாய்ப்பைப் பிடுங்கி நீங்க நடிக்கணுமா சார்?"

"ஏம்மா, எனக்கும் ஆசை இருக்காதா?" அவர் சிரித்தார்.

அன்று மதியமே அந்த சீனை எடுத்தார்கள். புகைக்கு நடுவில் லாசரஸ் நின்று பேசினார். முதல் டேக்கே ஓகே. மூலையில் நின்ற ஜெயவேலுவின் உதடுகளும் கூடவே, சத்தமில்லாமல், அதே வசனத்தை வரி விடாமல் பேசிக்கொண்டிருந்ததை எழில் பார்த்தாள். அவளுக்குக் கண் கலங்கிவிட்டது.

எபிசோடு ஒளிபரப்பானது. 'என்ன நடிப்பு!' என்று சேனலில் கொண்டாடினார்கள். எழில் வாழ்த்துகூடச் சொல்லவில்லை.

அடுத்த வாரம் கேம்ப் ரோடு பேக்கரி ஒன்றில் லாசரஸை அவள் பார்த்தாள். கவுன்ட்டரில் நின்ற ஒரு குழந்தையைப் பார்த்து அவர் சிரித்தார். அதன் அம்மா சட்டென்று குழந்தையைத் தன் பின்னால் இழுத்துக்கொண்டாள். பப்ஸ் தட்டோடு கொஞ்ச நேரம் அப்படியே நின்றுவிட்டு, லாசரஸ் தள்ளிப்போய் உட்கார்ந்தார்.

'நல்லா வேணும்' என்று நினைத்துக்கொண்டாள் எழில்.

ஜெயவேலுவுக்கு ஆறுதல் சொல்ல ஒருநாள் காலையில் சேலையூரில் அவர் வீட்டுக்குப் போனாள். வாசலில் ஒரு மஞ்சள் ஸ்கூல் வேன். காக்கிச் சட்டையில் ஜெயவேலு அதைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

"இது உங்க வண்டியா சார்?"

"ஓனர் வண்டிம்மா. நான் டிரைவர். நடிப்பு என்னைக்கு சோறு போட்டுது? இதுவும் போகப் பார்த்துது. தாமஸ் வாத்தியார் ஸ்கூல் கேட்ல நின்னு அந்தப் பொண்ணையே பார்க்கிற மாதிரி வந்துதே, அதிலேர்ந்து ஒவ்வொரு அம்மாவா பிள்ளைங்களை என் வேன்ல அனுப்புறதை நிறுத்திட்டாங்க. நடிப்புதாம்மான்னு சொன்னேன். யார் கேட்டாங்க? ஓனர் வேற ஆளைத் தேட ஆரம்பிச்சுட்டாரு."

"இப்போ?"

"வாத்தியார் நல்லவர்னு ஆயிடுச்சுல்ல? எல்லாப் பிள்ளைங்களும் திரும்ப வந்துடுச்சு. 'பாவம் சார் நீங்க'ன்னு அந்த அம்மாங்களே வந்து சொல்றாங்க." துணியை உதறினார். குரல் தாழ்ந்தது. "என்ன இருந்தாலும் அந்த சீனை சார் என்கிட்டேருந்து பறிச்சிருக்கக் கூடாதும்மா."

எழில் தெருமுனைக்கு வந்து லாசரஸுக்கு போன் செய்தாள்.

"சார், ஜெயவேலு ஸ்கூல் வேன் ஓட்டுறது உங்களுக்குத் தெரியுமா?"



"தெரியும்மா. கடைசி எபிசோடை யோசிச்சுக்கிட்டு ஒருநாள் காலையில ஏரியைச் சுத்தி நடந்துகிட்டிருந்தேன். ஸ்கூல் நேரத்துல ஒரு பிள்ளைகூட இல்லாம காலி வண்டியை ஓட்டிக்கிட்டுப் போனான். என்னைக்கூடக் கவனிக்கலை, வசனம் சொல்லிக்கிட்டே போறான்."

"அன்னிக்கே அவர்கிட்ட சொல்லியிருக்கலாமே சார்? உங்களைத் திட்டிக்கிட்டு இருக்கார்."

"திட்டட்டும். சொல்லியிருந்தா, 'வேலை போனா போகட்டும், சீனைக் கொடுங்க'ன்னு நின்னிருப்பான்மா. அவன் நடிகன்."