ராமக்காள் வீட்டில் ரெண்டு ஃபிரிட்ஜ்

"மெதுவா தூக்குங்க அண்ணி, உள்ள மீன் கொழம்பு இருக்குது" என்றான் குரு.

கொழுந்தனும் அண்ணியுமாக ஃபிரிட்ஜைத் தூக்கிக்கொண்டு பக்கத்து வீட்டு மாட்டுக் கொட்டகைக்குப் போய்க்கொண்டிருந்தார்கள். டிவியும் பீரோவும் ஏற்கெனவே போய்விட்டன.

"இதெல்லாம் தேவையா குரு?" கலைமணிக்கு மூச்சு வாங்கியது.

"இண்டூர்ல ஒருத்தங்க வூட்டு ஃபிரிட்ஜைப் பாத்துட்டு, வசதியான குடும்பம்னு ஆபீசருங்க எழுதிட்டாங்களாம். வாரிசு வேலை போயே போச்சு."

கலைமணி ஃபிரிட்ஜை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். அவள் புருஷன் முனிராஜ் அரசு ஜீப் ஓட்டியவர். மாரடைப்பில் போய் ஒரு வருஷமாகிறது. பத்தாவது படித்த அவளுக்கு அந்த வாரிசு வேலை கிடைத்தால் பிள்ளைகள் இரண்டும் கரையேறும். கிடைக்காவிட்டால் என்ன ஆகும் என்று நினைக்கவே பயமாக இருந்தது. இன்றைக்கு வருவாய் ஆய்வாளர், அதாவது ஆர்.ஐ., வீட்டுக்கே வந்து விசாரிக்கப்போகிறார்.

கொட்டகை ராமக்காளுடையது. அவள் காயப்போட்ட கேழ்வரகைக் கலைமணியின் ஆடு தின்றதிலிருந்து, நாலு வருஷமாக இரண்டு வீட்டுக்கும் பேச்சு வார்த்தை கிடையாது. ராமக்காள் காரிமங்கலம் சந்தைக்குப் போயிருந்தாள். திரும்பச் சாயங்காலம் ஆகும் என்பது குருவின் கணக்கு. குருவின் கணக்கு என்றைக்குச் சரியாக வந்திருக்கிறது?

ஆர்.ஐ. ரஞ்சித்குமார் ஃபைலும் கையுமாக வந்தார்.

"உக்காருங்க சார்" என்றாள் கலைமணி.

"எதுலங்க?"

அப்போதுதான் கவனித்தாள். வேகத்தில் நாற்காலிகளையும் குரு கடத்தியிருந்தான். ஒரு பக்கெட்டைக் கவிழ்த்துப் போட்டாள். ஆர்.ஐ. அதில் உட்கார்ந்து நிலம், வருமானம் எல்லாம் கேட்டு எழுதிக்கொண்டார். டீ போடலாம் என்று உள்ளே போனால் அடுப்பும் இல்லை. ஆர்.ஐ.யும் எட்டிப் பார்த்துவிட்டார்.

"சமையல் எப்படிங்க பண்றீங்க?"

"எப்பவாச்சும்தாங்க சார்."

ஆர்.ஐ. சிரித்தாரா இருமினாரா தெரியவில்லை. அந்த நேரம் பார்த்துப் பக்கத்து வீட்டில் குரல் வெடித்தது. ராமக்காள் சந்தையிலிருந்து வந்துவிட்டாள்.

"எம்மாட்டை வெயில்ல கட்டிட்டு, கொட்டாயில எவ வூட்டு ஃபிரிட்ஜைக் கொண்டாந்து வெச்சிருக்கீங்க?"

கலைமணி திரும்பிப் பார்த்தாள். குருவைக் காணோம். ஆர்.ஐ. எழுந்து நேராகக் கொட்டகைக்கு நடந்தார். கலைமணி பின்னாலேயே ஓடினாள்.

"வணக்கங்க. கலைமணியம்மாவோட வாரிசு வேலைக்கு விசாரிக்க வந்திருக்கேன். இந்தப் பொருளெல்லாம் யாருதுங்க?"

ராமக்காள் ஃபைலைப் பார்த்தாள். கலைமணியைப் பார்த்தாள். தொலைந்தோம் என்று கலைமணி கண்ணை மூடிக்கொண்டாள்.

"எங்களுதுங்க" என்றாள் ராமக்காள்.

"எவ வூட்டு ஃபிரிட்ஜுன்னு இப்பத்தானே கேட்டீங்க?"

"அது மாட்டுகிட்ட கேட்டனுங்க."

"உங்க வீட்டுக்குள்ளயும் ஒரு ஃபிரிட்ஜ் தெரியுதே?"

"அது கறிக்குங்க. இது சாமி கும்புடற நாளைக்கு."

ஆர்.ஐ. ஃபிரிட்ஜைத் திறந்தார். "மீன் கொழம்பு இருக்குதே."

"எங்க சாமி மீன் சாப்புடுங்க."

"டிவியும் ரெண்டு?"

"எனக்கும் எங்க வூட்டுக்காரருக்கும் ஒத்து வராதுங்க."

"பீரோ கதவுல 'முனிராஜ் - கலைமணி, திருமண அன்பளிப்பு'ன்னு எழுதியிருக்குதே?"

ராமக்காள் அசரவில்லை. "குடுக்கலாம்னுதாங்க எழுதி வெச்சேன். அதுக்குள்ள சண்டை வந்துபோச்சு. நானே வெச்சிக்கிட்டேன்."

கல்யாணம் நடந்து பதினைந்து வருஷம், சண்டை வந்து நாலு வருஷம். நல்லவேளை, ஆர்.ஐ. அதைக் கேட்கவில்லை. கலைமணிக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்தே வந்தன. முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

"ஏம்மா, ஃபிரிட்ஜ் இருக்குதான்னு யாரு கேட்டாங்க?" ஆர்.ஐ. கலைமணி பக்கம் திரும்பி ஃபைலைப் பிரித்தார். "எங்க படிவத்துல அந்தக் கேள்வியே கெடையாது. நெலம் இருக்குதா, வேற யாராச்சும் சம்பாதிக்கறாங்களான்னுதான் கேள்வி. எல்லாத்தையும் வீட்டுக்குக் கொண்டுபோங்க. மொதல்ல அடுப்பைக் கொண்டுபோங்க."

"அப்ப வேலைங்க சார்?"

"சிபாரிசு பண்ணி அனுப்பிடறேன். எல்லாம் உண்மையத்தான் எழுதியிருக்கேன். ஒரே ஒரு எடத்துலதான் பொய் எழுத வேண்டியிருக்குது."

கலைமணி ஃபைலை எட்டிப் பார்த்தாள். "எந்த எடத்துலங்க சார்?"

ஆர்.ஐ. ராமக்காளைப் பார்த்துக்கொண்டே படித்தார். "இந்தக் குடும்பத்துக்கு ஆதரவாக வேறு யாரும் இல்லை."