மருந்து முக்காத குச்சி

கண்மாய் உடைந்து வீட்டுக்குள் வந்த தண்ணீர் வடிந்துவிட்டது. சுவர்களில் ஏறிய ஈரம்தான் இறங்கவில்லை. ராமசுப்பு, குச்சிகளை மருந்தில் முக்கித் தீக்குச்சி செய்யும் தீப்பெட்டி ஆபீஸ் நடத்துகிறவர். ஈரம் பார்க்க அவருக்குத் தெரிந்த வழி ஒன்றுதான். சாயங்காலம் ஒவ்வொரு அறையின் மாடக்குழியிலும் ஒரு தீக்குச்சியை வைப்பார். காலையில் எடுத்து உரசுவார். பற்றினால் அந்த அறை காய்ந்துவிட்டது என்று அர்த்தம்.

கூடத்துக் குச்சி பற்றியது. அடுப்படிக் குச்சியும் பற்றியது. உள்ளறைச் சுவரில் இன்னும் தண்ணீர் கசிந்துகொண்டிருந்தது. அங்கே வைத்த குச்சி மட்டும் ஏற்கெனவே எரிந்து கரியாகிக் கிடந்தது.

"நீ பொருத்துனியா?" என்று மனைவி சுகுணாவிடம் கேட்டார்.

"நான் என்னத்துக்குப் பொருத்தப்போறேன்? நாளைக்கு நம்ம மக உமா பச்சப்புள்ளையோட வாரா. தொட்டிலை அங்கனதான் கட்டணும். காஞ்சிருச்சான்னு மட்டும் பாருங்க."

"காயாத இடத்துல எப்படிட்டி எரியும்?"

அவருக்குப் பயம் வரவில்லை. எப்படி என்று பார்த்துவிட வேண்டும் போலிருந்தது. அன்று ஆபீஸிலிருந்து மருந்து முக்காத வெறுங்குச்சி ஒன்றைக் கொண்டுவந்து அதே மாடக்குழியில் வைத்தார். கதவைப் பூட்டிச் சாவியை இடுப்பில் செருகிக்கொண்டார்.

காலையில் அவரே பூட்டைத் திறந்தார். சுவரில் கை வைத்தார். கொஞ்சம்கூட ஈரம் இல்லை.

"காஞ்சிருச்சா?" தொட்டில் சேலையோடு வாசலில் நின்று கேட்டாள் சுகுணா.

குச்சி வைத்த இடத்திலேயே இருந்தது. அதன் நுனியில் சிவப்பாக மருந்து உருண்டிருந்தது. ராமசுப்பு தொட்டுப் பார்த்தார். இன்னும் காயாமல் விரலில் ஒட்டியது.