த்சு

ஆபீசுக்குப் புதுக் கம்ப்யூட்டர்கள் வந்தன. தப்பாக எதையாவது அழுத்தினால், யாரோ சலிப்பில் உச்சுக்கொட்டுகிற மாதிரி ‘த்சு’ என்று சத்தம் வரும். முதல் தடவை கேட்டதுமே கீபோர்டிலிருந்து கையை எடுத்துவிட்டேன்.

“இந்தக் கருமத்தை முதல்ல நிறுத்துங்க,” என்றேன் சர்வீஸ்காரரிடம்.

“என்ன மேடம், இதுக்கு அவார்டே கொடுத்திருக்காங்க. கேட்டதும் கை தானா நின்னுடுமாம்.”

அதை உருவாக்கியவரின் பேட்டியைப் போனில் போட்டுக் காட்டினார்.

“இந்தச் சத்தத்தை எப்படி சார் டெஸ்ட் பண்ணினீங்க?” என்று கேட்டாள் பேட்டி எடுத்தவள்.

அந்த ஆள் இளித்தான். “என் மனைவியை வெச்சுத்தான். பத்து வருஷமா. ஒரு தடவைகூடத் தவறினதில்ல.”

அவன் போட்டிருந்த சட்டை எனக்குத் தெரியும். அன்று அதைப் போட்டுக்கொண்டு வீட்டிலிருந்து கிளம்புவதற்குள் மூன்று முறை, ‘த்சு’ என்று என் மேல் விட்டெறிந்தான். மூன்று முறையும் நான்தான் திரும்ப இஸ்திரி போட்டேன்.