சரியான வழிதான்

மூன்று மணி நேரமாகப் பழைய கோட்டைக்குள் சுற்றுகிறார்கள். மூடுபனியில் வாசலைக் காணோம். ஆறு பயணிகளில் வயதானவருக்கு இளைப்பு அதிகமாகி, இன்ஹேலரும் தீர்ந்துவிட்டது.

அவரைத் தாங்கிப் பிடித்திருந்த பெண் கத்தினாள். "பாவம், பேசக்கூட முடியாம கையைக் கையை ஆட்டறார். உனக்கு வழி தெரியுமா, தெரியாதா?"

"சரியான வழிதான் அக்கா" என்ற வழிகாட்டிப் பெண்ணுக்கு அழுகை முட்டியது. "இன்னிக்கு எனக்குத் தேர்வு. ஆபீஸ்ல ஒரு பரிசோதகரைப் பயணி மாதிரியே அனுப்பியிருக்காங்க, யாருன்னு சொல்லலை. நான் வழி தப்பினா அவர் விசில் ஊதணும். இதுவரைக்கும் ஊதலையே!"

வயதானவர் வழிகாட்டியின் தோளைப் பற்றினார். சட்டைப் பையிலிருந்து விசிலை எடுத்து வாயில் வைத்தார். சத்தமே வரவில்லை.

"அந்த உடைஞ்ச சுவர்கிட்டயே வழி தப்பிட்டே" என்று திணறித் திணறிச் சொன்னார். "ஊதத்தான்... மூச்சு இல்லம்மா."