மார்ஷ்மெல்லோவின் ருசி

மேலப்பாளையத்து அடுப்படியில் நாலு மணி வெயில் தட்டின்மேல் சரிந்து விழுகிறது. துபாயிலிருந்து சர்க்கரை நோயோடு திரும்பிய கணவர் மசூது ஆசைப்பட்டுக் கேட்டது மெத்தென்ற மார்ஷ்மெல்லோ மிட்டாய். ஜொஹரா கடல்பாசியைக் காய்ச்சி, முட்டை வெள்ளையைக் கை கடுக்க அடித்துச் சேர்த்து, சீனிக்குப் பதில் இனிப்பு மாத்திரையைப் பொடித்துப் போட்டிருக்கிறாள். விரலால் அமுக்கினால் துண்டு பாதி எழும்புகிறது, பாதி அமுங்கியே கிடக்கிறது. இது பதமா, பிசகா? அவள் அந்த மிட்டாயைக் கண்ணால்கூடப் பார்த்ததில்லை. மசூது ஒன்றை வாயில் போட்டுக் கண்ணை மூடுகிறார். தாடை அசைகிறது, நிற்கிறது, மறுபடி அசைகிறது. “அங்கன தின்ன மாதிரியே இருக்கா?” என்கிறாள். அவர் விழிக்கிறார். “தெரியலையே ஜொஹரா. பதினோரு வருசம் கடையில பாக்கெட்டு பாக்கெட்டா அடுக்கி வச்சேன். ஒண்ணுகூட வாயில வச்சதில்ல.”